கொலம்பியாவில் சமையல் வகுப்பு: எந்த ஊரில், எதைக் கற்கலாம்?

நடைவண்டி எழுதியது:

சென்ற மாதம் கொலம்பியாவில் பதினெட்டு நாள் இருந்துவிட்டு வந்தேன். அதில் மூன்று நாள் அடுப்படியிலேயே போயிற்று. ஆண்டிஸ் மலைமேலுள்ள தலைநகர் பொகோட்டாவில் ஒரு சமையல் வகுப்பு, கரீபியக் கரையிலுள்ள கார்த்தஹேனாவில் இரண்டு. போவதற்கு முன் இதைப் பற்றித் தமிழில் தேடிப் பார்த்தேன், உருப்படியாக எதுவும் கிடைக்கவில்லை. இனிப் போகிறவர்களுக்காக விரிவாக எழுதி வைக்கிறேன்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். கொலம்பியச் சமையல் என்று ஒரே சமையல் கிடையாது. ஆண்டிஸ் மலைமேல் ஒன்று, கரீபியக் கரையில் ஒன்று, பசிபிக் கரையில் ஒன்று, மெடெயினைச் சுற்றியுள்ள ஆந்தியோக்கியாவில் வேறொன்று. மூன்று மணி நேரத்தில் நாடு முழுவதன் சமையலையும் காட்டுவதாகச் சொல்கிற வகுப்புகள் இருக்கின்றன. அவற்றைத் தவிர்த்துவிடுங்கள். எந்த ஊரில் இருக்கிறீர்களோ அந்த ஊர்ப் பண்டத்தை, அந்த ஊர்ச் சந்தையில் காய் வாங்கி, அந்த ஊர்க்காரரிடம் கற்றுக்கொள்ளுங்கள்.

பொகோட்டாவில் நான் கற்றது அஹியாகோ. கோழியும் உருளைக்கிழங்கும் மக்காச்சோளக் கதிரும் சேர்ந்த கெட்டியான சூப். காலையில் பாலோகேமாவ் சந்தையில் எங்களைச் சந்தித்த ஆசிரியைக்கு ஐம்பது வயதிருக்கும். எங்கள் ஐந்து பேரையும் "சுமெர்சே" என்றே அழைத்தார். பொகோட்டாவிலும் பக்கத்திலுள்ள பொயாக்காவிலும் அன்பும் மரியாதையும் கலந்து சொல்லும் விளி அது. பழைய ஸ்பானிய மொழியில் "தங்கள் கருணை" என்று சொன்னது தேய்ந்து இப்படி ஆகியிருக்கிறது.

சந்தையில் உருளைக்கிழங்குக்கு முன்னால் மட்டும் அரை மணி நேரம் நின்றோம். அஹியாகோவுக்கு மூன்று வகைக் கிழங்கு வேண்டும். கிரியோயா என்பது எலுமிச்சை அளவில், உள்ளே முட்டைக்கருவைப் போல மஞ்சளாக இருக்கும். கொதிக்கக் கொதிக்கக் கரைந்து சூப்பைக் கெட்டியாக்கும். பாஸ்தூசா பாதி கரையும், பாதி நிற்கும். சபனேரா கடைசிவரை துண்டாகவே இருக்கும். மாவும் இல்லை, கிரீமும் இல்லை, கிழங்கை வைத்தே பதம் கொண்டுவருகிறார்கள். ஒரே கிழங்கைப் போட்டுச் செய்தால் அது உருளைக்கிழங்கு சூப்தான், அஹியாகோ அல்ல என்று ஆசிரியை திட்டமாகச் சொன்னார்.

கடைசியில் குவாஸ்காஸ் என்ற உலர்ந்த இலையைக் கைப்பிடி அள்ளிப் போட்டார்கள். போட்ட நொடியில் மணமே மாறிவிட்டது. பச்சைப்புல்லையும் வெந்த கீரையையும் ஒருசேர முகர்ந்ததுபோல இருந்தது. இதைவிடச் சரியாக எனக்குச் சொல்லத் தெரியவில்லை. பரிமாறும்போது வெண்ணெய்ப் பழத் துண்டு, கிரீம், கேப்பர் என்ற உப்பில் ஊறிய மொட்டு, சோறு எல்லாம் பக்கத்தில் வரும். அவரவர் கிண்ணத்தில் அவரவர் விருப்பப்படி சேர்த்துக்கொள்ளலாம்.

கார்த்தஹேனாவில் கற்றது தேங்காய்ச் சோறும் முட்டை அரேபாவும். அரேபா என்பது மக்காச்சோள மாவைத் தட்டிச் செய்யும் ரொட்டி. தேங்காய்ச் சோற்றில்தான் நான் அடியோடு தடுமாறினேன். தேங்காய் துருவிப் பால் பிழிவது நமக்குப் பழக்கம்தானே? முதல் பாலைத் தனியாக எடுத்து ஓரமாக வைத்தேன், கடைசியில் ஊற்றலாம் என்று. அங்கிருந்த அம்மா அதை எடுத்து முதலில் அடுப்பில் வைத்துவிட்டார். திரிந்துவிடுமே என்று பதறினேன். திரியத்தான் வேண்டுமாம். முதல் பாலைக் காய்ச்சிக்கொண்டே இருந்தால் எண்ணெய் பிரிந்து, அடியில் கசடு தங்கி, அந்தக் கசடு பொன்னிறமாகி, பிறகு காப்பிப்பொடி நிறத்துக்கு வரும். அதற்குப் பெயர் தித்தோத்தே. அதில் வெல்லத்தைக் கரைத்து, உப்புப் போட்டு, இரண்டாம் பாலை ஊற்றி, அரிசியைக் களைந்து போட்டு வேகவிட வேண்டும். சோறு பழுப்பு நிறத்தில், உதிரியாக, இலேசான இனிப்போடு வரும். வறுத்த மீனோடு சாப்பிடுகிறார்கள். நம் வீட்டில் பால் திரிந்தால் சமையல் கெட்டது என்று பொருள். அங்கே திரிந்த பிறகுதான் சமையலே தொடங்குகிறது. இதை எந்தக் காணொளியில் பார்த்திருந்தாலும் என் கை நம்பியிருக்காது.

சட்டியின் அடியில் ஒட்டியிருந்த காந்தலுக்குக் குக்காயோ என்று பெயர். அதற்கு அந்த வீட்டுப் பிள்ளைகள் சண்டை போட்டார்கள்.

---

அம்மிக்கல் எழுதியது:

படிக்கப் படிக்க ஆசையாக இருக்கிறது. ஆனால் நாங்கள் சைவம், முட்டை மட்டும் உண்டு. நானும் என் மகளும் அடுத்த ஆண்டு தென் அமெரிக்கா போவதாக இருக்கிறோம். கோழியும் பன்றியும் இல்லாமல் அங்கே ஒரு சமையல் வகுப்பில் உட்கார முடியுமா? மனம் சங்கடப்படாமல் கற்றுக்கொள்ள முடிந்தால்தான் பணம் கட்டலாம் என்று இருக்கிறேன்.

---

நடைவண்டி எழுதியது:

முடியும், அம்மா. ஆனால் ஊரையும் பண்டத்தையும் பார்த்துத் தேர்ந்தெடுக்க வேண்டும்.

பொகோட்டாவைவிடக் கரீபியக் கரை உங்களுக்கு ஏற்றது. நான் சொன்ன தேங்காய்ச் சோற்றில் இறைச்சியே இல்லை. முட்டை அரேபாவும் அப்படியே. மோத்தே தே கேசோ என்று ஒன்று இருக்கிறது. ஞாமே என்ற கிழங்கைக் குழைய வேகவைத்து, உப்புக் கரிக்கும் கரையோரப் பாலாடைக்கட்டியைத் துண்டு போட்டு, தக்காளியும் வெங்காயமும் வதக்கிச் சேர்த்துச் செய்வது. ஞாமே நம் வள்ளிக்கிழங்கு இனம்தான்; பெருவள்ளி, காவள்ளி என்று நாம் சொல்கிறோமே, அந்தக் குடும்பம். அதைக் கற்றுத்தர முடியுமா என்று முன்கூட்டியே கேட்டு எழுதுங்கள்.

படகோனும் இருக்கிறது. வாழைக்காயை மூன்று விரல் அகலத்துக்கு நறுக்கி, மிதமான சூட்டில் ஒருமுறை பொரித்தெடுத்து, தட்டால் அழுத்தித் தட்டையாக்கி, பூண்டு தட்டிய உப்புநீரில் தோய்த்து எடுத்து, சூடான எண்ணெயில் மறுபடி பொரிப்பது. ஊருக்கு வந்ததும் செய்து பார்த்தேன். மொந்தன் காயில் சரியாக வரவில்லை, நீர் அதிகம். நேந்திரன் காயில் அப்படியே வந்தது. அங்கே பயன்படுத்தும் காயும் நேந்திரனும் ஒரே வகையைச் சேர்ந்தவை.

பொகோட்டாவில் கோழி போடாமல் அஹியாகோ செய்துதரும் ஆசிரியர்களும் இருக்கிறார்கள். மூன்று கிழங்கும் குவாஸ்காஸும் இருந்தால் அதன் உயிர் போகாது.

---

மெடெயின்வாசி எழுதியது:

வேலை நிமித்தமாக இரண்டு ஆண்டு மெடெயினில் இருந்தேன். நானும் சைவம். நடைவண்டி சொன்னதோடு சிலவற்றைச் சேர்க்கிறேன்.

"சின் கார்னே", அதாவது இறைச்சி இல்லாமல், என்று சொல்லி நிறுத்திவிடாதீர்கள். கார்னே என்றால் அவர்களுக்கு முதலில் மாட்டிறைச்சிதான் நினைவுக்கு வரும். "சரி" என்று தலையாட்டிவிட்டுக் கோழியைக் கொண்டுவந்து வைப்பார்கள், அதில் அவர்கள் தவறு ஒன்றும் இல்லை. கோழி, மீன், பன்றி, எலும்புச் சாறு, பன்றிக் கொழுப்பு எதுவும் வேண்டாம் என்று ஒவ்வொன்றாகச் சொல்லுங்கள். பன்றிக் கொழுப்புக்கு அங்கே மந்தேகா என்று பெயர். அதைத்தான் பலரும் கேட்க மறந்துவிடுகிறார்கள். மாவு பிசையும்போதும் பயறு தாளிக்கும்போதும் அது உள்ளே போய்விடும்.

மெடெயினில் வகுப்பு என்றால் பெரும்பாலும் பந்தேஹா பைசா. ஒரே தட்டில் சிவப்புப் பயறு, சோறு, பன்றித்தோல் பொரியல், தொத்திறைச்சி, முட்டை, பழுத்த வாழை வறுவல், வெண்ணெய்ப் பழம், அரேபா. உங்களுக்கு அந்தத் தட்டு வேண்டாம், அதிலுள்ள பயறு மட்டும் வேண்டும் என்று கேளுங்கள். இரவே ஊறவைத்து, குழைய வேகவைத்து, ஓகாவ் சேர்த்து இறக்குவது. ஓகாவ் என்பது நீண்ட வெங்காயத்தாளும் தக்காளியும் எண்ணெயில் சிறு தீயில் சுருள வதங்கியது. மிளகாய் கிடையாது, மசாலா கிடையாது. முதல்நாள் எனக்குச் சப்பென்று இருந்தது. ஒரு மாதம் கழித்து, அவசரப்படாமல் வதக்கிய வெங்காயத்துக்கு எவ்வளவு இனிப்பு உண்டு என்று புரிந்தது.

அங்கே பயறு வேகவைக்கும் பாத்திரத்தை "ஒய்யா பிதாதோரா" என்பார்கள், விசில் அடிக்கும் பானை என்று பொருள். பக்கத்து வீட்டுச் சுவருக்கு அப்பால் அந்த விசில் கேட்கும்போதெல்லாம் எனக்கு வீட்டு நினைவு வந்துவிடும்.

பொகோட்டா உயரத்தில் தண்ணீர் ஏறத்தாழ 91 டிகிரியிலேயே கொதித்துவிடுகிறது. கிழங்கும் பயறும் வேக அதிக நேரம் பிடிக்கும். அங்கே எழுதிக்கொண்டு வந்த நேரக்கணக்கைச் சென்னையில் அப்படியே பின்பற்றினால் குழைந்துபோகும். இதை வகுப்பில் யாரும் சொல்வதில்லை.

---

உலைமூடி எழுதியது:

எல்லோரும் பாராட்டுகிறீர்கள், நான் மாறுபடுகிறேன்.

கொலம்பியாவில் நானும் ஒரு வகுப்புக்குப் பணம் கட்டினேன். பெயர் வேண்டாம். கையால் செய்து கற்கலாம் என்று விளம்பரத்தில் இருந்தது. போனால் பன்னிரண்டு பேர். வெங்காயம் நறுக்கிய நிலையில் கிண்ணங்களில், மாவு பிசைந்த நிலையில், பயறு வெந்த நிலையில். நாங்கள் செய்தது என்ன? ஆளுக்கு ஓர் உருண்டையைத் தட்டினோம், புகைப்படம் எடுத்துக்கொண்டோம், சாப்பிட்டோம். வெளியே வந்தபோது என் கைக்குப் புதிதாக ஒன்றும் தெரியவில்லை. அது எனக்குப் பெரிய ஏமாற்றம், இன்றும் ஆறவில்லை.

அதே வாரம் சாலையோரத்தில் அரேபா சுடும் ஓர் அம்மாவின் கடையில் மூன்று மாலை நின்று பார்த்தேன். கரி அடுப்பில் எப்போது திருப்புகிறார், விரலால் தட்டி வெந்ததை எப்படி அறிகிறார் என்று பார்த்தே கற்றேன். வகுப்பு என்ற ஏற்பாடே பயணிகளுக்காகச் செய்த வேடிக்கை என்பது என் கருத்து.

---

நடைவண்டி எழுதியது:

உங்கள் ஏமாற்றம் எனக்குப் புரிகிறது. ஆனால் ஒரு மோசமான வகுப்பை வைத்து எல்லா வகுப்பையும் தள்ளிவிடுவதை ஏற்க மாட்டேன். சாலையோரத்தில் நின்று பார்க்கலாம்தான். அந்த அம்மா பிழைப்பை நடத்துகிறார். உங்கள் கையில் மாவைக் கொடுத்து, நீங்கள் கெடுக்க, அவர் திருத்த, அதற்கெல்லாம் அவருக்கு நேரம் ஏது? கெடுத்துத் திருத்தினால்தான் கை கற்கும்.

முட்டை அரேபாவை எடுத்துக்கொள்ளுங்கள். மக்காச்சோள மாவைத் தட்டி எண்ணெயில் போட்டால் பூரியைப் போல உப்ப வேண்டும். உப்பியதை எடுத்து, ஓரத்தில் கத்தியால் கீறி, உள்ளே முட்டையை உடைத்து ஊற்றி, கீறலைப் பச்சை மாவால் அடைத்து, மறுபடியும் எண்ணெயில் விட வேண்டும். என் முதல் இரண்டு உப்பவே இல்லை. ஓரம் மெல்லியதாகவும் நடு தடிமனாகவும் தட்டியிருக்கிறேன். மூன்றாவது உப்பியது, ஆனால் கீறியபோது அடிப்பக்கம் கிழிந்து முட்டை எண்ணெயில் கொட்டியது. நான்காவது சரியாக வந்தது. அந்த மூன்று தோல்விக்கும் மாவும் முட்டையும் நேரமும் பொறுமையும் அந்த அம்மா கொடுத்தார். நான் கொடுத்த பணம் அதற்குத்தான்.

பணம் கட்டுவதற்கு முன் நான் கேட்ட கேள்விகளைச் சொல்கிறேன். எத்தனை பேர்? ஆறுக்கு மேல் போனால் நான் சேர்வதில்லை. சந்தைக்கு நாமும் போகிறோமா? மாவை நாங்கள் பிசைகிறோமா, பிசைந்து வைத்திருப்பீர்களா? ஆளுக்கு ஓர் அடுப்பா, இரண்டு பேருக்கு ஒன்றா? அரேபா என்றால் மாவுப் பொட்டலமா, சோளத்தை வேகவைத்து அரைப்பதா? இந்தக் கடைசிக் கேள்விக்கு வரும் பதிலிலேயே ஆள் எப்படி என்று தெரிந்துவிடும்.

---

மெடெயின்வாசி எழுதியது:

அந்தக் கடைசிக் கேள்வியை நானும் வழிமொழிகிறேன், கொஞ்சம் விளக்கவும் வேண்டும்.

இன்று கொலம்பிய வீடுகளிலும் மாசாரேபா என்ற பொட்டல மாவுதான் அதிகம். சோளத்தை முன்பே வேகவைத்து உலர்த்திப் பொடித்தது. வெதுவெதுப்பான நீரும் உப்பும் சேர்த்துப் பிசைந்து ஐந்து நிமிடம் விட்டால் தட்டலாம். அதைப் பயன்படுத்தும் ஆசிரியரைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் பழைய முறை வேறு. உலர்ந்த மக்காச்சோளத்தைப் பிலோனில் குத்தித் தோல் நீக்குவார்கள். பிலோன் நம் மர உரலேதான், உலக்கையும் உண்டு. பிறகு வேகவைத்து, மேசை ஓரத்தில் திருகிப் பொருத்திய கை இயந்திரத்தில் அரைப்பார்கள். சாந்தாந்தேர் பகுதியில் சாம்பல் நீரில் வேகவைத்துத் தோல் உரிப்பதும் உண்டு. அப்படி அரைத்த மாவில் சோளத்தின் மணம் இருக்கும். பொட்டல மாவில் அது குறைவு.

ஊருக்கு வந்து செய்கிறவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. நம் கடைகளில் கார்ன்ஃப்ளோர் என்று விற்பது வெறும் ஸ்டார்ச், அதில் அரேபா வராது. வட இந்திய மக்காச்சோள மாவு பச்சை மாவு, அதுவும் பிசைந்தால் உடையும். மெக்சிகோ மாவு சுண்ணாம்பு நீரில் பதப்படுத்தியது, சுவை மாறிவிடும். மாசாரேபா கிடைக்காவிட்டால் உடைத்த மக்காச்சோளத்தை ஊறவைத்து, மெத்தென்று வேகவைத்து, நீரை நன்றாக வடித்துவிட்டுக் கிரைண்டரில் அரையுங்கள். மிக்சியில் போட்டால் நீர் கேட்கும், மாவு தளர்ந்துவிடும்.

ஆந்தியோக்கியா அரேபாவில் உப்பே போட மாட்டார்கள். நம் இட்லிக்கு உள்ள இடம் அதற்கு. தனியாகச் சாப்பிட்டுவிட்டு ருசியில்லை என்று சொல்வது நியாயம் இல்லை.

---

கரிசல்காடு எழுதியது:

எனக்கு ஓர் ஐயம். வாழை இலையில் கட்டி வேகவைக்கும் பண்டத்துக்கு அங்கே தமால் என்று பெயராம். இது தமிழ் என்ற சொல்தானே? தேங்காய்ப்பால், வாழைக்காய், வெல்லம், உரல், உலக்கை எல்லாம் அப்படியே இருக்கின்றன. பண்டைக் காலத்தில் நம்மவர்கள் கடல் கடந்து அங்கே போயிருக்க வேண்டும் என்று தோன்றுகிறது.

---

விதைநெல் எழுதியது:

ஐயா, உங்கள் ஆர்வத்தை மதிக்கிறேன், ஆனால் இது சரியல்ல. தமால் என்பது மெக்சிகோவின் நாவாட்டில் மொழியில் உள்ள தமாலி என்ற சொல்லிலிருந்து வந்தது. ஸ்பானியர் அந்தச் சொல்லைத் தெற்கே கொண்டுபோனார்கள். தமிழோடு உறவு கிடையாது, ஒலி ஒத்திருக்கிறது, அவ்வளவே.

நீங்கள் பார்த்த ஒற்றுமைக்கு வேறு காரணம் இருக்கிறது, அது எனக்கு இன்னும் வியப்பாக இருக்கிறது. கரும்பைக் கொலம்பஸ் தம் இரண்டாம் பயணத்தில், 1493இல், கரீபியத் தீவுகளுக்குக் கொண்டுபோனார். வாழை கேனரித் தீவுகளிலிருந்து 1516இல் ஹிஸ்பானியோலா என்ற கரீபியத் தீவுக்குப் போனது. கரீபியக் கரைக்குத் தென்னையும் அரிசியும் கொத்தமல்லியும் இப்படிக் கப்பலில் போனவைதான். எதிர்த் திசையில் மிளகாய், தக்காளி, உருளைக்கிழங்கு, மக்காச்சோளம், மரவள்ளி, கொய்யா, பப்பாளி, முந்திரி எல்லாம் நம்மிடம் வந்தன. மரவள்ளியைத் திருவிதாங்கூரில் பரப்பியவர் 1880களில் ஆண்ட விசாகம் திருநாள் மன்னர். கன்னியாகுமரி மாவட்டம் அன்று அந்த நாட்டில்தான் இருந்தது.

ஆக நம் சாம்பாரில் பாதி அங்கிருந்து வந்தது, அவர்கள் தேங்காய்ச் சோறு முழுவதும் இந்தப் பக்கத்திலிருந்து போனது. அதைச் சமைக்கும் கைகள் யாருடையவை என்பதையும் மறக்கக் கூடாது. அந்தக் கரையில் தேங்காய்ச் சோற்றையும் ஞாமேவையும் ஆக்கிவந்தவர்களில் பலர் ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களின் வழிவந்தவர்கள். நம்மவர்கள் போனார்கள் என்று சொன்னால் அவர்கள் உழைப்பு மறைந்துவிடும்.

---

கரிசல்காடு எழுதியது:

சரி. திருத்திக்கொள்கிறேன். மிளகாயே இல்லாமல் நம் முன்னோர் சமைத்தார்கள் என்பதை நினைக்கும்போது அவர்களின் ஓகாவ் எனக்கு அந்நியமாகத் தெரியவில்லை.

---

கரைவழி எழுதியது:

விதைநெல் சொன்னதைப் படித்த பிறகு எழுதாமல் இருக்க முடியவில்லை. கார்த்தஹேனாவிலிருந்து ஏறத்தாழ ஐம்பது கிலோமீட்டரில் சான் பசிலியோ தே பலேங்கே என்ற ஊர் இருக்கிறது. அடிமைத்தளையை உடைத்துக்கொண்டு ஓடியவர்கள் உருவாக்கிய ஊர். அவர்களுக்கென்று தனி மொழி உண்டு. அந்த ஊரின் பண்பாட்டு வெளியை யுனெஸ்கோ 2005இல் மனிதகுலத்தின் மரபுச் செல்வமாக அறிவித்தது. கார்த்தஹேனாவின் பழைய நகரத்தில் வண்ணப் பாவாடையோடு தலையில் பழக்கூடை சுமந்து நிற்கும் பெண்கள் அந்த ஊர்க்காரர்கள். அவர்களைக் கேட்காமல் படம் எடுக்காதீர்கள். எடுத்தால் பணம் கொடுங்கள், அல்லது பழம் வாங்குங்கள். நிற்பது அவர்களுக்கு வேலை.

பலேங்கேவுக்கு நான் ஒருநாள் போனேன். அலெக்ரியா என்ற இனிப்பை ஒரு பாட்டி கற்றுத்தந்தார். சிறுதானியத்தைப் பொரித்து, தேங்காய்த் துருவலும் சோம்பும் சேர்த்து, வெல்லப் பாகில் உருட்டுவது. அலெக்ரியா என்றால் மகிழ்ச்சி. பாகின் பதத்தை அவர் தண்ணீர்க் கிண்ணத்தில் ஒரு துளி விட்டுப் பார்த்தார். கார்த்திகைப் பொரிக்கு என் அம்மா பார்ப்பதும் அப்படித்தான். மொழி தெரியாமலே அவர் "இன்னும் கொஞ்சம்" என்று கண்ணால் சொன்னது எனக்குப் புரிந்தது. சூடாக இருக்கும்போதே உருட்ட வேண்டும், உள்ளங்கை சிவந்துவிட்டது. என் பயணத்தில் அதைவிட நல்ல பிற்பகல் வேறு இல்லை.

கார்த்தஹேனாவில் சந்தை என்றால் பசூர்த்தோ. நெரிசல், ஈ, மீன் நாற்றம், இசை எல்லாம் உண்டு. ஆசிரியரோடு போங்கள், கைபேசியைப் பையில் வையுங்கள். கொலம்பியர்கள் "நோ தார் பப்பாயா" என்பார்கள். பப்பாளியைக் கொடுக்காதே என்று பொருள். பிறர் பறித்துக்கொள்ளத் தோதாக நடந்துகொள்ளாதே என்று கருத்து.

---

அம்மிக்கல் எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. ஊருக்குப் போவதற்கு முன்பே பொறுக்காமல் நேற்றுத் தேங்காய்ச் சோற்றைச் செய்துவிட்டேன். இரண்டு தேங்காய், முதல் பாலைக் காய்ச்சினேன். நாற்பது நிமிடம் ஆயிற்று. கசடு சிவந்தபோது வந்த மணம் என் பாட்டி வீட்டில் உருக்கெண்ணெய் எடுத்த நாள்களின் மணம். நாங்கள் எண்ணெயை வடித்துக்கொண்டு, அடியிலிருக்கும் கசடை வெல்லத்தோடு பிள்ளைகளுக்குக் கொடுப்போம். அதே கசடில் சோறு ஆக்கலாம் என்று எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை.

ஆனால் சோறு சற்றுக் கசந்தது. எங்கே தவறினேன்?

---

நடைவண்டி எழுதியது:

கசடு கருகியிருக்கும். பொன்னிறத்திலிருந்து பழுப்புக்குப் போக நேரம் எடுக்கும், பழுப்பிலிருந்து கறுப்புக்கு அரை நிமிடம் போதும். கார்த்தஹேனாவில் அந்த அம்மா இந்தக் கட்டத்தில் கரண்டியை யாரிடமும் கொடுக்கவில்லை. வெல்லத்தையும் இரண்டாம் பாலையும் கைக்கெட்டும் தூரத்தில் முன்பே வைத்துக்கொள்ளுங்கள். பழுப்பைக் கண்டதும் ஊற்றிவிடுங்கள், சூடு தணிந்துவிடும். கனமான அலுமினியச் சட்டி நல்லது, அங்கே அதைத்தான் பயன்படுத்துகிறார்கள்.

---

மெடெயின்வாசி எழுதியது:

வெல்லம் பற்றிப் பேச்சு வந்ததால் ஒன்று. பனேலா நம் கரும்பு வெல்லமேதான். உலகில் அதை அதிகம் காய்ச்சுவது இந்தியா, அடுத்து கொலம்பியா. அங்கே அதை வெந்நீரில் கரைத்து அகுவாபனேலா என்று காலையும் மாலையும் குடிக்கிறார்கள். எலுமிச்சை பிழிந்து குளிர்ச்சியாகவும் குடிப்பார்கள். அதில் சுக்கும் ஏலக்காயும் மட்டும் இருந்தால் இராமநவமிப் பானகம்.

பொகோட்டாப் பக்கம் போனால் சாக்லேட் காய்ச்சுவதையும் கற்றுக்கொள்ளுங்கள். உயரமான கூசாவில் சாக்லேட்டைக் கரைத்து, மொலினியோ என்ற மரத்தண்டை இரண்டு உள்ளங்கைக்கும் நடுவில் உருட்டி நுரை எழுப்புவார்கள். நம் மத்து. குவளையில் ஊற்றியதும் பாலாடைக்கட்டித் துண்டை உள்ளே போட்டு, அது இளகியதும் கரண்டியால் எடுத்துச் சாப்பிட வேண்டும். அம்மிக்கல் அம்மாவின் மகளுக்குப் பிடிக்கும்.

---

உதகைத்தோட்டம் எழுதியது:

நீண்ட நாள் படிப்பவன், முதல் முறை எழுதுகிறேன். நீலகிரியில் காய்கறித் தோட்டம் வைத்திருக்கிறேன். குவாஸ்காஸ் என்ற பெயரைத் தேடிப் பார்த்தபோது கலின்சோகா பார்விஃப்ளோரா என்று வந்தது. படத்தைப் பார்த்ததும் எழுந்து நின்றுவிட்டேன். என் உருளைக்கிழங்குப் பாத்தியில் ஆண்டு முழுவதும் ஆள் வைத்துப் பிடுங்கி எறிகிற களை அது. கேரட் பாத்தியிலும் உண்டு. உண்மையாகவே இதையா சூப்பில் போடுகிறார்கள்?

---

விதைநெல் எழுதியது:

உண்மைதான். தென் அமெரிக்கச் செடி. 1796இல் பெருவிலிருந்து லண்டன் கியூ தோட்டத்துக்குக் கொண்டுவந்தார்கள், வேலி தாண்டி ஓடிவிட்டது. இன்று உலகமெங்கும் குளிர்ந்த மலைத்தோட்டங்களில் களையாக இருக்கிறது. உருளைக்கிழங்கும் அதுவும் ஒரே ஊர்க்காரர்கள், உங்கள் பாத்தியில் மறுபடி சந்தித்திருக்கின்றன.

ஆனால் பறிக்கும் முன் உறுதி செய்துகொள்ளுங்கள். வெட்டுக்காயப் பூண்டும் பார்வைக்கு ஓரளவு இப்படித்தான் இருக்கும். அதன் பூ நீண்ட காம்பில் தனியாக நிற்கும், பெரியது. கலின்சோகாவின் பூ மிகச் சிறியது. மஞ்சள் நடுவும், அதைச் சுற்றி வழக்கமாக ஐந்து குட்டி வெள்ளை இதழும், ஒவ்வோர் இதழின் நுனியிலும் மூன்று பல்லும் இருக்கும். இலைகள் எதிரெதிராக, ஓரம் பற்களோடு. மருந்து அடித்த பாத்தியில் பறிக்கவே வேண்டாம்.

---

நடைவண்டி எழுதியது:

என்னிடம் பாலோகேமாவில் வாங்கிய உலர்ந்த பொட்டலம் ஒன்று மீதி இருக்கிறது. முகவரி அனுப்பினால் பாதியைத் தபாலில் அனுப்புகிறேன். உங்கள் செடியை நிழலில் உலர்த்தி, இரண்டையும் முகர்ந்து ஒப்பிட்டுப் பாருங்கள். மூக்கு பொய் சொல்லாது.

---

உதகைத்தோட்டம் எழுதியது:

பொட்டலம் வந்து சேர்ந்தது, மிக்க நன்றி. மருந்து படாத மேல்பாத்திக் களையைப் பறித்து, வேளாண்மை படித்த நண்பரிடம் காட்டி உறுதி செய்துகொண்டு, நான்கு நாள் நிழலில் உலர்த்தினேன். கசக்கி முகர்ந்தால் இரண்டும் ஒன்றே. என்னுடையது சற்றுப் பச்சை வாடை அதிகம்.

ஞாயிற்றுக்கிழமை அஹியாகோ செய்தோம். கிரியோயா கிடைக்க வழியில்லை. கரைவதற்கு, நீண்ட நாள் வைத்திருந்த மாவுக் கிழங்கைத் துருவிப் போட்டேன். துண்டாக நிற்பதற்குப் புதுக்கிழங்கு. மஞ்சள் நிறம் வரவில்லை, பதம் வந்தது. கோழியும் கதிரும் வீட்டுத் தோட்டத்தவை, வெண்ணெய்ப் பழம் சந்தையில் வாங்கியது. கேப்பருக்குப் பதிலாக என் மனைவி உப்பு மாங்காயைப் பொடியாக நறுக்கி வைத்தார், அது நன்றாகவே சேர்ந்தது. இங்கும் 2,200 மீட்டருக்கு மேல் என்பதால், மெடெயின்வாசி சொன்னபடி கிழங்கை அதிக நேரம் விட்டேன்.

களை பிடுங்க வரும் அக்காவுக்கும் ஒரு கிண்ணம் கொடுத்தோம். எந்தக் கீரை என்று கேட்டார். பாத்தியைக் காட்டினேன். இனிமேல் மேல்பாத்தியில் பிடுங்குவதை எறியாமல் கூடையில் போட்டு வைக்கிறேன் என்றார். இந்த வாரம் கூடை நிறைந்திருக்கிறது. யாருக்காவது வேண்டுமென்றால் எழுதுங்கள், உலர்த்தி அனுப்புகிறேன்.